தேடிக் கொடுத்தவள்

படம் முடிந்து பெயர்கள் ஓடத் தொடங்கியதும் அரங்கில் விளக்கைப் போட்டுவிட்டார்கள். பாதிப் பேர் எழுந்துவிட்டார்கள். நான் என் பழைய மாணவி ஒருத்தியின் பெயருக்காக உட்கார்ந்தே இருந்தேன். இயக்கம், தயாரிப்பு, ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, இசை, ஒலி, வண்ணச் சீரமைப்பு, சப்டைட்டில், ட்ரோன் இயக்கியவர் என்று எல்லாம் போனது. கடைசியில் 'நன்றி' என்று ஒரு தலைப்பு வந்தது. அதன்கீழ் இரண்டு வரிசையாக நாற்பது பெயர்கள். தங்க அறை கொடுத்த லாட்ஜுக்கும் மதியச் சாப்பாடு அனுப்பிய மெஸ்ஸுக்கும் நடுவில் அவள் பெயர் இருந்தது. இனிஷியல் தப்பு.

அது பஞ்சாலைப் பெண் தொழிலாளர்களைப் பற்றிய ஆவணப்படம். பெண்களின் உழைப்பு எப்படிக் கண்ணுக்குத் தெரியாமல் போகிறது என்பதுதான் அதன் பொருள். எழுதும்போது எனக்கே சிரிப்பு வருகிறது. 52 நிமிடப் படத்தில் 19 நிமிடம் பழைய காட்சிகள். ஆலை வாசலில் சங்கு ஊதக் காத்திருக்கும் பெண்கள், ரீலிங் பிரிவில் நூல் சுற்றும் கைகள், ஒரு வேலைநிறுத்த ஊர்வலம். அந்த 19 நிமிடத்தின் ஒவ்வொரு விநாடியையும் தேடி எடுத்தவள் அவள். பதினான்கு மாதம் அலைந்தாள். அரசுக் காப்பகத்துக்குக் கடிதம் எழுதினாள், பதில் வராதபோது நேரில் போய் நின்றாள். வெளிநாட்டுச் செய்திப்பட நிறுவனங்களின் அட்டவணைகளை இரவு முழுக்கத் துழாவினாள். நேரக் குறியீடும் நிறுவனத்தின் முத்திரையும் போட்ட பார்வைப் பிரதிகளை வரவழைத்து, எந்தக் காட்சி எத்தனையாவது நிமிடத்தில், யாருக்கு உரிமை, விநாடிக்கு எவ்வளவு, எத்தனை ஆண்டுக்கு, எந்தெந்த நாட்டுக்கு என்று எக்ஸெல்லில் 600 வரிகளுக்கு மேல் எழுதிவைத்தாள். அவளுக்கு மாதம் எட்டாயிரம் ரூபாய் கொடுத்தார்கள். ட்ரோன்காரரின் ஒருநாள் வாடகை அதைவிட அதிகம்.

அந்த வேலைநிறுத்த ஊர்வலத்தின் கதையை மட்டுமாவது சொல்ல வேண்டும். எந்தக் காப்பகத்திலும் அது இல்லை. அந்தக் காலத்தில் கல்யாண வீடியோ எடுத்துக்கொண்டிருந்த ஒருவர் சங்கத்துக்காரர்கள் கேட்டதால் ஒருநாள் ஊர்வலத்தை வீஎச்எஸ்ஸில் எடுத்திருக்கிறார் என்று யாரோ சொல்ல, இவள் மூன்று ஊர் விசாரித்து அந்த வீட்டுக்குப் போயிருக்கிறாள். அவர் இறந்துவிட்டார். வீட்டுக்கார அம்மா பீரோவைத் திறந்து, வேப்பிலைச் சருகுக்கு நடுவிலிருந்து ஒரு கேசட்டை எடுத்துக் கொடுத்திருக்கிறார். "அவரு எல்லாத்தையும் எடைக்குப் போட்டுறச் சொன்னாருங்க கண்ணு. நாந்தான் கல்யாணக் கேசட்டோட கேசட்டா வெச்சிருந்தேன். அத்தன பொம்பளைக கையத் தூக்கிட்டுப் போறாங்க, அதப் போயி எடைக்குப் போடறதான்னு இருந்துச்சு." ஊர்வலம் நான்கு நிமிடம்தான் மிஞ்சியிருந்தது. அதற்குமேல் ஒரு மஞ்சள் நீராட்டு விழாவைப் பதிவு செய்துவிட்டார்கள். நாடாவில் பூஞ்சை வெள்ளையாகப் படர்ந்திருந்தது. அதைச் சுத்தம் செய்து ஓட்டுவதற்கு ஆள் தேடியது வேறு கதை.

படத்தில் இந்தக் காட்சி வரும்போது 'தனியார் சேகரிப்பு' என்று மூலையில் ஒரு வரி வருகிறது. எடைக்குப் போடாமல் வைத்திருந்தவர் பெயரும் இல்லை, தேடிப் போனவள் பெயரும் இல்லை.

திரையிடலுக்குப் பின் நடந்த உரையாடலில் நான் எழுந்து கேட்டேன். இயக்குநர் கோபப்படவில்லை. மிகவும் அன்பாகத்தான் சொன்னார்: "மேடம், நம்ம பொண்ணுதான் அது. நிறைய உதவி பண்ணுச்சு. ஆனா ஃபுட்டேஜ் தேடறதெல்லாம் டீம் வொர்க்." பிறகு பார்வையாளர் பக்கம் திரும்பி, "எங்கம்மா பிள்ள, எழுந்திரு, எல்லாரும் பாக்கட்டும்" என்றார். அவள் எழுந்து நின்றாள். கைதட்டினார்கள். எனக்கு உடம்பு பற்றி எரிந்தது.

உதவி என்ற இந்தச் சொல்லோடுதான் எனக்குச் சண்டை. வீட்டில் பீரோவின் முன்னால் நின்றுகொண்டு "என் வேட்டி எங்கே?" என்று கத்துகிற ஆணை நாம் எல்லோரும் அறிவோம். வேட்டி அவர் கண்ணெதிரில்தான் இருக்கும். அடுப்படியிலிருந்து வந்து எடுத்துக் கொடுப்பவளுக்கு வீட்டின் ஒவ்வொரு பொருளும் எங்கே இருக்கிறது என்று தெரியும். ரேஷன் கார்டு, பத்திரம், மாமனாரின் சர்க்கரை மாத்திரை, பிள்ளையின் தடுப்பூசி அட்டை என்று வீட்டின் முழு அட்டவணையும் அவள் தலைக்குள் இருக்கிறது. அதை யாரும் அறிவு என்று சொல்வதில்லை. 'அவளுக்கு ஞாபகசக்தி அதிகம்' என்பார்கள். திரைத்துறை அந்தப் பீரோவை அப்படியே தூக்கிக்கொண்டு போய்த் தன் அலுவலகத்தில் வைத்திருக்கிறது. தேடுவது பெண்ணின் இயல்பு, பொறுமை பெண்ணின் குணம், ஆகவே அதற்குத் தனிப் பெயரும் கூலியும் எதற்கு?

எஸ்ஃபிர் ஷூப் என்ற ரஷ்யப் பெண்ணை என் மாணவிகளுக்கு நான் அடிக்கடி சொல்வதுண்டு. 1894இல் பிறந்தவர். சோவியத் அரசின் திரை நிறுவனத்தில், வெளிநாட்டுப் படங்களை உள்ளூர்ப் பார்வையாளர்களுக்கு ஏற்ப வெட்டி ஒட்டும் வேலையில் இருந்தார். ஃப்ரிட்ஸ் லாங்கின் 'டாக்டர் மபூஸ்' படத்தை அவர் மறுதொகுப்பு செய்தபோது பக்கத்தில் உட்கார்ந்து கற்றுக்கொண்டவர் செர்கேய் ஐசன்ஸ்டைன். உலகத் திரைப்படப் பாடத்திட்டங்களில் ஐசன்ஸ்டைனின் மான்டாஜுக்கு ஓர் அலகு முழுவதும் ஒதுக்கப்படுகிறது. மேசையை அவருக்குக் காட்டிக்கொடுத்தவர் அடிக்குறிப்பில்கூட வருவது அரிது.

1926இல் ஷூப் லெனின்கிராடுக்குப் போனார். ஈரம் கசிந்த நிலவறைகளில் பழைய செய்திப்படச் சுருள்கள் கிடந்தன. ஜார் மன்னன் தன் குடும்பத்துக்காகத் தன் படப்பிடிப்பாளர்களை வைத்து எடுத்த சுருள்களும் இருந்தன. சுமார் 60,000 மீட்டர் ஃபிலிமைப் பார்த்து, கடைசியில் 1,500 மீட்டர் அளவில் ஒரு படத்தை உருவாக்கினார். 1927இல் வெளிவந்த 'ரோமனோவ் வம்சத்தின் வீழ்ச்சி' அதுதான். படத்தின் பெரும்பகுதி பிறர் எடுத்துவைத்த காட்சிகள். கப்பல் மேல்தளத்தில் சீமாட்டிகள் நடனமாடி வியர்வையைத் துடைத்துக்கொள்கிறார்கள். அடுத்து, மண் வெட்டும் உழைப்பாளிகள் வியர்வை சிந்துகிறார்கள். முதல் காட்சியை எடுத்தவன் அரசனின் கூலியாள். அவன் அரசனை மகிழ்விக்க எடுத்ததை அரசனுக்கு எதிரான சாட்சியாக மாற்றியவர் ஷூப். மாற்றத்துக்கு அவர் செய்ததெல்லாம் தேடியதும், தேர்ந்ததும், பக்கத்தில் வைத்ததும்தான்.

சோவ்கினோ நிறுவனம் அவரைப் படத்தின் ஆசிரியராக ஏற்க மறுத்தது. வெட்டி ஒட்டியவர்தானே, ஆசிரியருக்கான உரிமையும் பணமும் எதற்கு என்பது அவர்கள் வாதம். கவிஞர் மாயகோவ்ஸ்கி அதைப் பொதுமேடையிலேயே கண்டித்தார். சமத்துவம் கண்ட நாடு, புரட்சியின் பத்தாம் ஆண்டு, புரட்சியைப் பற்றிய படம். தொழிலாளியின் உழைப்பை மதிக்கும் அரசுக்கும் ஒரு பெண் தேடிய உழைப்பு உழைப்பாகத் தெரியவில்லை. அந்த ஊர்க்கதைக்கும் நம் அரங்கில் நடந்ததற்கும் நடுவில் ஏறத்தாழ நூறு ஆண்டுகள்!

நம் பக்கத்திலும் ஒரு பெரிய முன்னுதாரணம் உண்டு. ஏ.கே. செட்டியார் 1937 அக்டோபர் 2 அன்று கப்பலில் போய்க்கொண்டிருந்தபோது காந்தியைப் பற்றிப் படம் எடுக்கும் எண்ணம் அவருக்குப் பிறந்தது. கண்டம் விட்டுக் கண்டம் அலைந்தார், ஒரு லட்சம் மைல் என்பது கணக்கு. முப்பது ஆண்டுகளில் நூறு படப்பிடிப்பாளர்கள் வெவ்வேறு இடங்களில் எடுத்து வைத்திருந்த காட்சிகளிலிருந்து 50,000 அடி ஃபிலிமைத் திரட்டி, 12,000 அடியில் படமாக்கி 1940இல் தமிழில் வெளியிட்டார். எனக்கு அவர்மேல் எந்தக் குறையும் இல்லை. அந்தப் பயணத்தை அவர் எழுதியிருப்பதைப் படித்து வியந்தவள்தான் நான். நான் கேட்பது வேறு. செட்டியார் செய்த வேலையில் பெரும்பகுதி என் மாணவி செய்த அதே வேலை. கடிதம் எழுதுவது, கதவு தட்டுவது, சுருளைப் பார்ப்பது, உரிமையாளரிடம் பேசி வாங்குவது. அவர் செய்தபோது நாம் அதைத் தவம் என்றோம். 'உலகம் சுற்றிய தமிழர்' என்று பட்டம் கொடுத்தோம். ஏட்டுச்சுவடி தேடி ஊர் ஊராகப் போன உ.வே.சா.வைத் தமிழ்த் தாத்தா ஆக்கினோம். ஆண் தேடினால் அது காவியம். ஒரு பெண் சுடிதாரும் ஜோல்னாப் பையுமாகப் பஸ் ஏறித் தேடினால் 'பொண்ணு நிறைய அலைஞ்சுச்சு.'

தமிழ் படித்தவள் என்பதால் இன்னொன்றும் கேட்பேன். சங்கத் தொகை நூல்களின் இறுதியில் இரண்டு பெயர்கள் தனித்தனியாக வருவதை நம் மாணவிகள் மனப்பாடம் செய்து தேர்வெழுதுகிறார்கள். தொகுத்தவர் ஒருவர், தொகுப்பித்தவர் ஒருவர். அகநானூற்றைத் தொகுத்தவர் உருத்திரசன்மர், தொகுப்பித்தவர் உக்கிரப்பெருவழுதி. ஐங்குறுநூற்றைத் தொகுத்தவர் கூடலூர் கிழார், தொகுப்பித்தவர் யானைக்கட்சேய் மாந்தரஞ்சேரல் இரும்பொறை. பாடியவர் வேறு, பணம் கொடுத்தவர் வேறு, தேடித் திரட்டியவர் வேறு என்று இத்தனை நூற்றாண்டுக்கு முன்பே நம் மரபுக்குத் தெரிந்திருக்கிறது. இன்றைய டைட்டில் கார்டில் தொகுப்பித்தவர் பெயர் முதலில் பெரிதாக வருகிறது, தொகுத்தவள் காணாமல் போகிறாள். (நற்றிணையில் தொகுப்பித்த பாண்டியன் பெயர் மட்டும் இருக்கிறது, தொகுத்தவர் பெயர் இல்லை. அப்போதே யாரோ தொடங்கி வைத்துவிட்டார்கள் போலும்.)

நன்றி சொல்லும் கலையைப் பெண்கள் எப்படிச் செய்தார்கள் என்பதற்கும் அகநானூற்றிலேயே சான்று இருக்கிறது. காவிரி கொண்டுபோன ஆட்டனத்தியைக் கரை நெடுகத் தேடியவள் ஆதிமந்தி. அவளைப் போல நானும் அலைவேனோ என்று தன் பாட்டில் அவள் பெயரைச் சொல்லிப் பாடினார் வெள்ளிவீதியார். அந்த வெள்ளிவீதியைப் போல நானும் புறப்பட்டேன் என்று ஔவையார் தன் பாட்டில் அவர் பெயரைச் சொன்னார். தேடியவளின் பெயரைத் தேடுகிறவள் சொல்கிறாள், அவள் பெயரை அடுத்தவள் சொல்கிறாள். ஆதிமந்தியை இன்று நாம் அறிந்திருப்பதற்கு இப்படிச் சொன்னவர்களும் காரணம்.

தேடுவது எடுபிடி வேலை என்று நினைப்பவர்களுக்குக் காப்பகம் என்றால் என்னவென்றே தெரியாது. காப்பகத்தில் பெண்ணைத் தேடுவது ஆணைத் தேடுவது போன்றதல்ல. அமைச்சரைத் தேட வேண்டுமா, பெயரைத் தட்டினால் வருவார். பெண்கள் 'தண்ணீர் எடுக்கும் பெண்கள்', 'வயலில் பெண்கள்', 'திரு. இன்னாரும் திருமதியும்' என்றுதான் அட்டவணையில் இருப்பார்கள். பெரும்பாலும் அவர்களைப் படம் எடுக்கவே கேமரா போயிருக்காது. 1913 ஜூன் 4 அன்று இங்கிலாந்தின் எப்சம் டெர்பிக்குச் செய்திப்படக்காரர்கள் குதிரைப் பந்தயத்தை எடுக்கத்தான் போனார்கள். எமிலி டேவிசன் தடுப்பைத் தாண்டி ஓடி வந்து மன்னரின் குதிரைமுன் நின்றது சில விநாடிகளாகச் சட்டகத்துக்குள் வந்து விழுந்தது. நான்கு நாளில் அவர் இறந்தார். அது தற்கொலை, பைத்தியக்காரத்தனம் என்றெல்லாம் பேசினார்கள். நூறாண்டு கழித்து, 2013இல், மூன்று கேமராக்களின் சுருள்களை டிஜிட்டலாக்கி ஒப்பிட்டுப் பார்த்து, அவர் குறிப்பிட்ட அந்தக் குதிரையை நோக்கித்தான் போனார், வாக்குரிமைத் துணியை அதில் மாட்ட முயன்றிருக்கலாம் என்று ஒரு தொலைக்காட்சிப் படம் வாதிட்டது. ஒரு பெண் செத்தாளா, போராடினாளா என்பது அந்தச் சில விநாடிகளை எத்தனை பேர், எத்தனை பொறுமையாக, எங்கிருந்து எடுத்துப் பார்த்தார்கள் என்பதில் இருக்கிறது.

தவறாக எடுத்தால் என்ன ஆகும் என்பதற்கும் உதாரணம் உண்டு. குளிர்கால அரண்மனையைப் புரட்சியாளர்கள் தாக்கும் காட்சி என்று எத்தனையோ படங்களில் காட்டப்படுவது, பத்தாண்டு கழித்து ஐசன்ஸ்டைன் 'அக்டோபர்' படத்துக்காக ஆட்களை ஓடவிட்டு எடுத்தது. தேடுபவர் இல்லாத படத்தில் நடிப்பு வரலாறாகிவிடும்.

என் மாணவி செய்ததைச் சொல்கிறேன். அவளுக்குக் கிடைத்த ஒரு செய்திப்படத் துண்டின் அட்டையில் 'ஆலையில் பெண்கள்' என்று மட்டும் இருந்தது. அவள் அதிலிருந்து பன்னிரண்டு பிரேம்களை அச்சிட்டு, பழைய லைன் வீடுகளுக்கு எடுத்துக்கொண்டு போனாள். ஒரு பாட்டி படத்தைக் கண்ணருகில் வைத்துப் பார்த்துவிட்டு, முகம் தெரியாதபடி திரும்பி நிற்கும் ஒருத்தியைக் காட்டி, "இது எங்கம்மாடா சாமி. அந்தக் கொண்டைய நாந்தான் போட்டுவிடுவேன்" என்றாராம். அவரிடம் அவர் அம்மாவின் படம் வேறு ஒன்றும் இல்லை. இப்படி ஏழு பெண்களின் பெயர்களை அவள் கண்டுபிடித்துப் பட்டியல் கொடுத்தாள். படத்தில் அந்தப் பெயர்களும் வரவில்லை. 'வேகம் குறையும்' என்றார்களாம்.

இழப்புகளைக் கணக்குப் பார்த்தால் தேடலின் அவசரம் புரியும். தமிழில் படம் இயக்கிய முதல் பெண் டி.பி. ராஜலட்சுமி. அவர் 1936இல் எடுத்த 'மிஸ் கமலா' இன்று இல்லை. 2003 ஜனவரியில் பூனாவில் தேசியத் திரைப்படக் காப்பகத்தின் நைட்ரேட் சுருள்கள் இருந்த கிடங்கில் தீப்பிடித்து நூற்றுக்கணக்கான படங்கள் போயின. அரசுகள் தொலைத்ததைத் தனியாளாகச் சேர்த்தவர்களும் இருக்கிறார்கள். அமெரிக்காவின் ஃபிலடெல்ஃபியாவில் மாரியன் ஸ்டோக்ஸ் என்ற கறுப்பினப் பெண், முன்னாள் நூலகர், தன் வீட்டில் தொலைக்காட்சிச் செய்திகளை இடைவிடாமல் நாடாவில் பதிந்துவந்தார். 2012இல் அவர் இறக்கும்போது சுமார் 70,000 நாடாக்கள் இருந்தன. உயிரோடு இருந்தவரை அவரைக் கிறுக்கு என்றார்கள். இன்று அது ஒரு காப்பகம்.

பணத்தைப் பற்றிப் பேசினால் கொச்சை என்று நினைக்கும் இலக்கியவாதிகள் இந்தப் பத்தியைத் தாண்டிவிடலாம். உரிமம் வாங்குவது என்பது படத்தின் ஆயுளை நிர்ணயிப்பது. அமெரிக்கக் கறுப்பின மக்களின் குடியுரிமைப் போராட்டத்தைச் சொன்ன 'ஐஸ் ஆன் தி ப்ரைஸ்' தொடர் 1987இல் வந்தது. அதில் பயன்படுத்திய காட்சிகள், பாடல்களின் உரிமக் காலம் முடிந்ததும், பல ஆண்டுகள் அதை ஒளிபரப்பவோ விற்கவோ முடியாமல் போனது. நிதி திரட்டி மறுபடி உரிமம் வாங்கியபிறகே 2006இல் திரும்ப ஒளிபரப்பானது. ஐந்து ஆண்டா, நிரந்தரமா, தொலைக்காட்சிக்கு மட்டுமா, இணையத்துக்கும் சேர்த்தா என்று முன்கூட்டியே கேட்டுப் பேரம் பேசுபவர்தான் படத்தைக் காப்பாற்றுகிறார். அதற்குச் சட்டம் தெரிய வேண்டும். ஆங்கிலக் கடிதம் எழுதத் தெரிய வேண்டும். இதையும் 'உதவி' என்கிறார்கள்.

இப்போது புது ஆபத்து வந்திருக்கிறது. தேடவே வேண்டாம், செயற்கை நுண்ணறிவில் நான்கு வரி எழுதினால் 1940களின் ஆலைப் பெண்கள் கறுப்பு வெள்ளையில், கீறலோடு வந்துவிடுவார்கள். அமெரிக்காவில் ரேச்சல் ஆன்டெல், ஸ்டெஃபனி ஜென்கின்ஸ், ஜெனிஃபர் பெட்ருசெல்லி என்ற மூன்று பெண்கள், இந்தத் தொழிலில் இருப்பவர்கள், 2023இல் ஆவணக்காட்சித் தயாரிப்பாளர்களின் கூட்டமைப்பைத் தொடங்கி, 2024இல் இதற்கான நெறிமுறைகளை வெளியிட்டார்கள். செயற்கையாக உருவாக்கியதைப் பார்வையாளருக்குச் சொல்லிவிட வேண்டும் என்பது அவற்றில் முக்கியமானது. இத்தனை காலம் பெயரில்லாமல் இருந்தவர்கள்தான் இன்று உண்மைக்கும் பொய்க்கும் நடுவில் நின்று கத்துகிறார்கள். நம் ஊரில் கத்துவதற்கு அவர்களுக்கு ஒரு சங்கம்கூட இல்லை. அந்தக் கொண்டையை இயந்திரம் போட்டுவிடும். அது யாருடைய அம்மா என்று யாரிடம் போய்க் கேட்பது?

என் பக்கத்துக் கணக்கையும் சொல்லிவிட வேண்டும். என் முனைவர் பட்ட ஆய்வேட்டின் முன்னுரையில் 'நூலக ஊழியர்களுக்கு நன்றி' என்று ஒரு வரி இருக்கிறது. பழைய பெண்கள் இதழ்களின் கட்டுகளைத் தூசியோடு மார்போடு அணைத்து இறக்கிக் கொடுத்தவர் ஒரே ஒரு பெண்மணி. 'இது உனக்குப் பயன்படுமா பாரு' என்று நான் கேட்காத ஒரு கட்டையும் அவராகவே கொண்டுவந்து வைத்தார். என் மூன்றாம் இயல் முழுவதும் அந்தக் கட்டிலிருந்து எழுதியது. அவர் பெயர் எனக்குத் தெரியும். தெரிந்தும் எழுதவில்லை. நெறியாளர், துறைத் தலைவர், முதல்வர், கணவர் என்று ஆண்களின் பெயர்களை வரிசையாக எழுதியபோது என் கை எங்கும் தயங்கவில்லை.

ஆகவே என் மாணவியோடு உட்கார்ந்து அடுத்த படத்துக்கான ஒப்பந்தத்தை நானும் சேர்ந்து எழுதினேன். 'ஆவணக்காட்சித் தேடலும் தொகுப்பும்' என்று தனி அட்டை, படத்தொகுப்பாளர் பெயருக்கு முன்னால். மாதச் சம்பளமல்ல, ஊதியம், மூன்று தவணை. பயணச் செலவு தனி. தேடல் பதிவேட்டின் ஒரு பிரதி அவளுக்கே சொந்தம். காட்சியைக் காப்பாற்றி வைத்திருந்தவரின் பெயர் 'தனியார் சேகரிப்பு' என்று வராமல் பெயராகவே வர வேண்டும். காட்சியில் இருக்கும் பெண்களில் யார் பெயர் தெரிகிறதோ அவர் பெயர் திரையில் வர வேண்டும். கடைசி வரியை எழுதும்போது அவள் தயங்கினாள். "மேடம், இதப் பாத்தா வேற ஆளப் பாத்துக்குவாங்க." பாத்துக்கட்டும் என்று நான் சொல்வது சுலபம். மாதச் சம்பளம் வாங்குபவள் நான். அவளேதான் கொஞ்சநேரம் கழித்து, "இருக்கட்டும் மேடம், அந்தப் பாட்டிக்கு நான் சொல்லிருக்கேன்" என்று அனுப்பினாள்.

அனுப்பி ஐந்து வாரம் ஆகிறது. பார்த்துவிட்டார்கள் என்பதற்கு வாட்ஸ்அப்பில் இரண்டு நீலக் கோடு இருக்கிறது.